அத்தை சரியாகத்தான் சொன்னாள்

அத்தை மைக்கைத் தட்டிப் பார்த்துவிட்டு, "அனைவருக்கும் இனிய காலை வணக்கம்" என்று ஆரம்பித்தபோது, கீழே மாமா ஒரு வேன் டிரைவரின் பல்லை உடைத்துக்கொண்டிருந்தார்.

பேருந்துக்குள் இருந்தவர்களில் பாதிப் பேருக்கு அது தெரியாது. ஜன்னலோரம் இருந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள். மாமா வேனின் கதவைத் திறந்து, அந்த ஆளின் தலையைச் சட்டத்தில் வைத்து, கதவைச் சாத்தினார். சாத்த முடியவில்லை. திறந்து மறுபடியும் சாத்தினார். அந்த ஆளின் வாயிலிருந்து ரத்தத்தோடு வெள்ளையாக ஏதோ ஒன்று தரையில் விழுந்தது.

"உங்களுக்கு வலது பக்கம் தெரிவது நம் நகரத்தின் ரயில் நிலையம்" என்றாள் அத்தை. எல்லோரும் வலது பக்கம் திரும்பினார்கள். சண்டை இடது பக்கம் நடந்துகொண்டிருந்தது.

மாமா ஏறி வந்து, முன்கண்ணாடி துடைக்கிற துணியில் கையைத் துடைத்துக்கொண்டு வண்டியைக் கிளப்பினார். அத்தை மைக்கைப் பொத்திக்கொண்டு குனிந்தாள்.

"யோவ், ஊர் பாக்க வந்தவங்க முன்னாடியா?"

"படியில கால் வச்ச பெரியவரோட பையைப் புடிச்சு இழுக்கறான். பாத்துக்கிட்டு நிக்கச் சொல்றியா?"

"பையைத்தானே இழுத்தான். நீ பல்லைப் புடுங்கிட்டு வர்றே?"

"ஏற்கெனவே ஆடிக்கிட்டிருந்த பல்லுதான். டாக்டர்கிட்ட போயிருந்தா நாலு நாள் அலைய விட்டிருப்பாங்க."

அத்தை சிரிக்கவில்லை. மைக்கைத் திறந்து, "நம் பயணம் இனிதே தொடங்குகிறது" என்றாள்.

ரயில் நிலைய வாசலில் எழுதப்படாத சட்டம் ஒன்று உண்டு. ஊர் சுற்றிப் பார்க்க வந்தவர்களை யார் வேண்டுமானாலும் கூப்பிடலாம், கெஞ்சலாம், பெட்டியைக்கூடத் தொடலாம். ஆனால் ஒருவர் பேருந்தின் படியில் ஒரு கால் வைத்துவிட்டால் அவர் பேருந்துக்காரருடைய ஆள். அதற்கப்புறம் அவரை வேன்காரர்கள் தொடக்கூடாது. இந்தச் சட்டத்துக்குப் போலீஸும் கிடையாது, கோர்ட்டும் கிடையாது. மாமாதான் இருந்தார். அத்தை வேலை பார்த்த சுற்றுலாக் கம்பெனியின் முதலாளி மாமாவை வேலைக்கு எடுத்தது அவர் ஓட்டுவதைப் பார்த்து அல்ல என்று எல்லோரும் சொல்வார்கள்.

அன்று நானும் கடைசி இருக்கையில் இருந்தேன். எங்கள் குடும்பத்தில் முதலில் பட்டம் வாங்கியவள் நான். வாங்கிய பிறகு அதை வைத்து என்ன செய்வது என்று சொல்லித்தர வீட்டில் யாருக்கும் தெரியவில்லை. அத்தை, அப்பாவின் தங்கை, "இங்க வந்து இரு, இங்கதான் ஆபீசா கட்டி வச்சிருக்கானுங்க" என்று கூப்பிட்டுக்கொண்டாள். அன்று மதியம் அங்காடி செக்டாரில் ஒரு நேர்காணல். பேருந்து கடைசியாக நிற்பது அங்கேதான். அதனால் அரை நாள் சுற்றுலா முழுவதும் உட்கார்ந்து வந்தேன்.

அது முதலில் தாளில் கோடு போட்டு, பிறகு மண்ணில் கட்டிய ஊர். தெருக்களுக்குப் பெயர் கிடையாது, செக்டார் என்கிற பகுதிகளுக்குப் பெரும்பாலும் எண் மட்டும். எந்தச் சாலையில் போனாலும் ஒரே மாதிரி ரவுண்டானா, ஒரே மாதிரி சாம்பல் நிறக் கான்கிரீட் வீடுகள், ஒரே உயரத்தில் மரங்கள். "இந்த நகரத்தில் யாரும் வழி தவறக்கூடாது என்றுதான் இப்படி வரைந்தார்கள்" என்பாள் அத்தை மைக்கில். கொஞ்சம் நிறுத்திவிட்டு, "எல்லாத் தெருவும் ஒரே மாதிரி இருக்கறதால, தொலைஞ்சு போனாலும் தொலைஞ்சு போனது உங்களுக்குத் தெரியாது" என்பாள். தினமும் அந்த இடத்தில் சிரிப்பு வரும். தினமும் மாமாவும் சிரிப்பார். எத்தனையாவது தடவை கேட்கிறார் என்பது அவருக்கே தெரியாது.

அந்த ஊரை வரைந்தவர்கள் இன்னொன்றும் செய்திருந்தார்கள். வண்டிக்கு ஒரு வழி, காலுக்கு ஒரு வழி. கார் போகிற சாலைகள் வெளியே சுற்றிப் போகும். வீடுகளுக்கும் கடைகளுக்கும் நடுவே நடக்கிறவர்களுக்கு மட்டும் குறுகலான பாதைகள் ஓடும். இந்த இரண்டும் ஒன்றையொன்று தொடாது. மாமாவுக்கு வண்டிச் சாலைகள் அத்தனையும் தெரியும். நடைவழி ஒன்றுகூடத் தெரியாது. பயணிகளை இறக்கி அந்த வழிகளில் கூட்டிப்போவது அத்தையின் வேலை. மாமா வண்டியிலேயே இருப்பார், கண்ணாடி துடைப்பார், தூங்குவார்.

அத்தைக்கோ வண்டி போகிற திசை தெரியாது. அவள் டிரைவர் இருக்கைக்குப் பக்கத்துக் கம்பியில் முதுகைச் சாய்த்து, பயணிகளைப் பார்த்து நிற்பாள். வளைவுகளில் முழங்காலை லேசாக மடக்கிக்கொள்வாள். ஊர் அவளுக்கு எப்போதும் பின்பக்கக் கண்ணாடி வழியாக விலகிப் போகிற ஊர்தான். அவளுடைய வலது கைப்பக்கம் இருப்பது பயணிகளுக்கு இடது பக்கம். வேலைக்குச் சேர்ந்த புதிதில் இதில் தடுமாறி, ஏரியைக் காட்டச் சொன்ன இடத்தில் பொதுக் கழிப்பறையைக் காட்டியிருக்கிறாள். அப்புறம் பழக்கிக்கொண்டாள். இடது கையைத் தூக்கும்போது வாய் வலது என்று சொல்ல வேண்டும். நாளாக நாளாக அது வாயிலேயே தங்கிவிட்டது. வண்டியை விட்டு இறங்கினாலும் மாறவில்லை. பைக்கில் மாமாவுக்குப் பின்னால் உட்கார்ந்துகொண்டு, வலது பக்கம் போக வேண்டிய இடத்தில் "இடது பக்கம் திருப்புய்யா" என்பாள். வீட்டில் இருவரும் ஒரே சுவரைப் பார்த்து நிற்கும்போது, சாவி அலமாரிக்கு வலது பக்கம் தொங்குகிறது என்பாள். மாமா ஒரு நொடிகூட யோசிக்காமல் இடது பக்கம் கையை நீட்டுவார். சாவி அங்கே இருக்கும்.

"அவ இடதுன்னா வலது, வலதுன்னா இடது. இதுல என்ன கஷ்டம்?" என்று உறவுக்காரர்களிடம் சொல்லிச் சிரிப்பார். குடும்பம் முழுக்கத் தெரிந்த கேலி இது. அவர்கள் இருவரும் சண்டையில்லாமல் ஒத்துப்போனது எனக்குத் தெரிந்து இந்த ஒரு விஷயத்தில்தான்.

மற்றதெல்லாம் அடிதான்.

கல்யாணத்துக்கு முன்னால் அத்தை ஒலிபெருக்கி கட்டிய ஆட்டோவில் விளம்பரம் சொல்லிக்கொண்டிருந்தாள். தள்ளுபடி விற்பனை, புதுக் கடைத் திறப்பு, காணாமல்போன நாய், எதுவானாலும். அந்த ஆட்டோவை ஓட்டியவர் மாமா. கல்யாணம் ஆன கொஞ்ச நாளில் ஏதோ வாக்குவாதம். தெரு நடுவே, மைக் அணையாமல் இருக்கும்போது, கன்னத்தில் ஒன்று விட்டார். முதல் அடி. ஒலிபெருக்கி வழியாகத் தெரு முழுக்கக் கேட்டது. மாடிகளில் இருந்தவர்கள் வெளியே வந்து பார்த்தார்கள். அத்தை ஒரு கணம் மூச்சை இழுத்துவிட்டு, "தள்ளுபடி இன்று ஒரு நாள் மட்டுமே" என்று தொடர்ந்தாளாம். இதை என்னிடம் சொன்னபோது அவளுக்கே சிரிப்பு தாங்கவில்லை. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அவளுடைய இடது சுண்டுவிரல் மடங்காது. ஒரு நாள் பீரோக் கதவில் வைத்து நசுக்கினார். மைக் பிடிக்கும்போது அந்த விரல் மட்டும் தனியாக நீட்டிக்கொண்டு நிற்கும். பயணிகள் அதை ஒரு ஸ்டைல் என்று நினைத்துப் படம் எடுப்பார்கள். அத்தையும் சும்மா இருக்கிறவள் இல்லை. மாமாவின் புருவத்தில் இருக்கும் தழும்பு குக்கர் மூடி பட்டது. அடித்தால் கடிப்பாள், கையில் கிடைத்ததை எறிவாள். ஆனால் இரண்டு பேர் அடித்துக்கொள்கிறார்கள் என்று சொல்லிவிட முடியாது. அவர் அடிப்பார், இவள் தடுப்பாள். கடித்ததும் எறிந்ததும் அதற்குள் அடக்கம். நடுவில் போனால் எனக்கும் ஒன்று விழும். விழுந்திருக்கிறது.

"ஏன் அத்தை இங்கேயே இருக்கே?" என்று ஒரு முறை கேட்டேன்.

"நீ படிச்சவ, கேள்வி கேக்கறே. பதில் தெரிஞ்சா எனக்கும் வந்து சொல்லுடி" என்றாள்.

அந்தக் காலையில் நகரத்தின் மாதிரி வடிவம் வைத்திருக்கும் அரங்கம், செயலகம் எல்லாம் பார்த்துவிட்டு ஏரிக் கரைக்குப் போய்க்கொண்டிருந்தோம். அத்தை பேசிக்கொண்டே இருந்தவள் ஒரு வாக்கியத்தின் நடுவில் நிறுத்தினாள். பின்கண்ணாடியையே பார்த்தாள். மைக்கைப் பொத்தினாள்.

"ஒரு ஸ்கூட்டர் மூணு ரவுண்டானாவா பின்னாடியே வருது. ரெண்டு பேர். வேன் ஸ்டாண்டு பசங்க."

"வரட்டும்."

"நேரா டிப்போவுக்கு விடுய்யா. அங்காடியில நிக்க வேணாம்."

"இத்தனை பேர் பாக்க ஓடி ஒளியச் சொல்றியா? வரட்டும். இன்னும் அவனுங்களுக்குப் பல்லு பாக்கி இருக்கில்ல."

"உனக்கும்தான் இருக்கு."

மாமா கண்ணாடியில் அவளைப் பார்த்து முறைத்தார். வீடாக இருந்தால் கை வந்திருக்கும்.

அங்காடி செக்டாரின் வண்டி நிறுத்துமிடம் ஒரு நீள்சதுரம். மூன்று பக்கமும் தூண் வைத்த கடைகள். பேருந்து ஒரு கோடியில், முகப்பை உள்பக்கம் பார்த்து நின்றது. பயணிகள் கடைகளைச் சுற்றிவிட்டுத் திரும்பி ஏறிக்கொண்டிருந்தார்கள். கூரையில் ஒரு ஊதுகுழல் ஒலிபெருக்கி உண்டு. அத்தை உள்ளே நின்று அதில் மற்றவர்களைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள். நான் நேர்காணலுக்கு நேரம் இருக்கிறதே என்று இருக்கையிலேயே இருந்தேன். மாமா தூரத்துக் குழாயில் ஒரு வாளித் தண்ணீர் பிடித்துக்கொண்டு பேருந்தை நோக்கி நடந்து வந்துகொண்டிருந்தார்.

அவருக்குப் பின்னால், வாசலில், ஒரு வேன் குறுக்கே வந்து நின்றது. கதவு திறந்து ஆட்கள் குதித்தார்கள். கையில் இரும்புக் குழாய்கள். காலையில் பல் போனவன் வாயில் துணியைக் கட்டிக்கொண்டு முன்னால் வந்தான்.

அத்தையின் முகத்தைப் பார்த்துத்தான் மாமா திரும்பினார். வாளியை அவர்கள் மேல் எறிந்துவிட்டுப் பேருந்தை நோக்கி ஓடி வந்தார். கதவருகே உட்கார்ந்திருந்த ஒரு தடித்த ஆள் எழுந்து மடக்குக் கதவைச் சாத்தி, இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். "திறக்காதீங்க! உள்ள குழந்தைங்க இருக்கு!" என்று கத்தினார். மாமா கதவைக் குத்தினார், உதைத்தார். திறக்கவில்லை. பேருந்துக்கு முன்னால் ஓடி வந்து, கண்ணாடி வழியாக அத்தையைப் பார்த்தார். அவர்கள் நெருங்கிவிட்டார்கள். கடைகளுக்கு நடுவே இரண்டு நடைவழிகள், இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று. பார்க்க இரண்டும் ஒன்றுபோலவே இருந்தன. ஒன்றின் முடிவில் போலீஸ் பூத். மற்றொன்று பூட்டிய மின்மாற்றிக் கூண்டில் போய் முடியும்.

மாமா இரண்டு கையையும் விரித்தார். எந்தப் பக்கம்?

"வலது பக்கம்!" ஒலிபெருக்கி செக்டார் முழுவதும் அலறியது. "வலது பக்கம் போங்க! வலது பக்கம் போலீஸ் பூத் இருக்கு!"

அவள் அவருக்கு எதிர்முகமாக நின்றிருந்தாள், பயணிகளுக்கு எதிரே நிற்பது போலவே. கையில் மைக் வேறு. வாய் தானாகவே அவருடைய வலது பக்கத்தைச் சொல்லிவிட்டது. சரியான பக்கம். 'போங்க' என்று மரியாதை கொடுத்துக்கூடச் சொன்னாள், வீட்டில் ஒரு நாளும் சொல்லாதது.

மாமா காதில் விழுந்தது பெண்டாட்டியின் குரல். ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. இடது பக்கம் ஓடினார்.

அத்தை "ஐயோ" என்றாள். அதுவும் ஒலிபெருக்கியில் கேட்டது. பிறகு கதவுக்கு வந்து, தடித்த ஆளின் விரல்கள் மேல் மைக்கால் அடித்தாள். ஒவ்வொரு அடியும் மேலே கூரையில் இடி மாதிரி ஒலித்தது. அவர் அலறிக்கொண்டு கையை எடுத்தார். டிரைவர் இருக்கைக்குக் கீழிருந்த சிவப்பு நிறத் தீயணைப்பு உருளையை உருவிக்கொண்டு அத்தை இறங்கி ஓடினாள். நேர்காணலை மறந்து நான் பின்னால் ஓடினேன்.

மாமா கூண்டுக் கம்பியைப் பிடித்து ஏறப் பார்த்திருக்கிறார். காலைப் பிடித்து இழுத்துப் போட்டிருக்கிறார்கள். நாங்கள் போனபோது அவர் தலையை வலது கையால் மூடிக்கொண்டு சுருண்டு கிடந்தார். அந்தக் கை முழங்கைக்குக் கீழே இரண்டு இடத்தில் வளைந்திருந்தது. குழாய் எலும்பில் படும் சத்தமும் சதையில் படும் சத்தமும் வேறு வேறு என்று அன்றுதான் தெரிந்துகொண்டேன். பல் போனவன் மட்டும் குழாயை எடுக்கவில்லை. ஷூ காலால் மாமாவின் தாடையையே குறி வைத்து, நிதானமாக, மிதித்துக்கொண்டிருந்தான்.

அத்தை உருளையின் ஊசியைப் பிடுங்கி அழுத்தினாள். வெள்ளைப் பொடி சந்து முழுக்கக் கிளம்பியது. இருமிக்கொண்டே அவர்கள் எங்களை இடித்துத் தள்ளிவிட்டு ஓடினார்கள். கடைசியாக ஓடியவன் முதுகில் அத்தை காலி உருளையைத் தூக்கி அடித்தாள். அவன் விழுந்தான். எழ முயன்றபோது இன்னொன்று. அவன்தான் பிறகு போலீஸில் மாட்டியவன்.

பொடி அடங்கியபோது மாமாவின் கண் திறந்திருந்தது. தாடை ஒரு பக்கமாகப் போயிருந்தது. அவர் அத்தையைப் பார்த்தார். அந்தப் பார்வையில் வலி இருந்தது, அதைவிட ஒரு கேள்வி இருந்தது. அத்தையும் அதைப் பார்த்தாள்.

ஆஸ்பத்திரியில் தாடைக்குக் கம்பி கட்டினார்கள். வலது கைக்கும் காலுக்கும் மாவுக்கட்டு. பேச்சு கிடையாது. இன்ஸ்பெக்டர் பயணிகளிடம் விசாரித்துவிட்டு வந்தார். எல்லோரும் ஒரே வார்த்தைதான் சொல்லியிருந்தார்கள். தடித்த ஆள்கூட.

"நீங்க சரியாத்தாம்மா சொல்லியிருக்கீங்க. உங்க வீட்டுக்காரர்தான் பதட்டத்துல மாத்தி ஓடிட்டாரு. மனசைப் போட்டு உழப்பிக்காதீங்க."

அத்தை தலையை ஆட்டினாள். அவர் போன பிறகு நடைக்கூடத்து பெஞ்சில் என் பக்கத்தில் உட்கார்ந்தாள். எனக்கு அந்தக் கேள்வியைக் கேட்காமல் இருக்க முடியவில்லை. கேட்க எனக்கு என்ன உரிமை என்றும் தெரியவில்லை. இத்தனை அடியையும் பார்த்த எனக்குள், அவள் வேண்டுமென்றே செய்திருந்தால்கூட நல்லது என்று ஒரு ஓரம் நினைத்தது. படித்த மனது இப்படியும் நினைக்குமா என்று பயமாக இருந்தது.

"அத்தை, மாமா மாத்தித்தான் எடுத்துப்பாருன்னு உனக்குத் தெரியுமில்ல?"

"தெரியாமயா? இத்தனை வருஷமா அப்படித்தானே."

"அப்போ அந்த நேரத்துல..."

"ஞாபகம் வரல." கையிலிருந்த வெள்ளைப் பொடியைப் புடவையில் துடைத்தாள். "சத்தியமா வரல. எதிர்ல ஆளு நிக்கறாரு, கையில மைக் இருக்கு, வாய் சொல்லிடுச்சு. அது எனக்கு நல்லாத் தெரியும். தெரியாதது ஒண்ணுதான். ஞாபகம் வந்திருந்தா மாத்திச் சொல்லியிருப்பேனா? ஆஸ்பத்திரிக்கு வந்ததுல இருந்து அதைத்தான் கேட்டுக்கிட்டிருக்கேன். ஒரு நேரம் சொல்லியிருப்பேன்னு தோணுது. ஒரு நேரம் இந்த விரலைப் பாக்கறேன்."

மடங்காத சுண்டுவிரலைத் தடவிக்கொண்டாள்.

"அவரோட அண்ணன் வருவாரு," என்றாள். "அவருக்கு இது புரியாது. ஆனா அந்தக் கேலி அவருக்குத் தெரியும்."

மாமாவின் அண்ணன் கறிக்கடை வைத்திருந்தவர். அடுத்த நாள் காலையில் மாமாவுக்கு இளைய தம்பியான வெல்டிங் பட்டறைக்காரரையும் கூட்டிக்கொண்டு வார்டுக்குள் வந்தார். மாமாவின் நெற்றியில் கை வைத்தார். கண் கலங்கியது. துடைத்துக்கொண்டு, கட்டிலின் கால்மாட்டில் நின்ற அத்தையைப் பார்த்தார்.

"எந்தப் பக்கம்மா சொன்னே?"

"வலது பக்கம்."

"போலீஸ் பூத் எந்தப் பக்கம் இருந்தது?"

"அவருக்கு வலது பக்கம்."

"சரியாச் சொல்லியிருக்கே."

"ஆமா."

"அதைத்தான் கேக்கறேன்." அவர் குரல் உயரவில்லை. "கல்யாணமான நாள்ல இருந்து மாத்தி மாத்திச் சொன்னவ. என் கடைக்கு வழி கேட்டவங்களை எதிர்ப்பக்கம் அனுப்பினவ. அன்னைக்கு, என் தம்பி உயிருக்கு ஓடறப்ப மட்டும், சரியாச் சொல்லியிருக்கே. எப்படி?"

"நேருக்கு நேர் நின்னா எனக்குச் சரியாத்தான் வரும். பக்கத்துல நின்னாத்தான் மாறும்." அத்தை விளக்கப் பார்த்தாள். சொல்லச் சொல்ல அது பொய் மாதிரியே ஒலித்தது. பேசி ஊரைச் சிரிக்க வைக்கிறவளுக்கு அங்கே நாக்கு ஒத்துழைக்கவில்லை.

"அண்ணே, இவகிட்ட என்ன பேச்சு?" என்றார் பட்டறைக்காரர். "அவர்கிட்டயே கேளு. அவரு ஆமான்னு சொல்லட்டும், இவ கையையும் காலையும் நான் பாத்துக்கறேன். அவரு படுத்திருக்கற மாதிரியே படுப்பா."

அவர் வெறும் பேச்சுக்குச் சொல்கிறவர் இல்லை என்று எனக்குத் தெரியும். பட்டறையில் ஒரு கூலியாளின் கையை நெருப்பில் காட்டியவர். நான் நர்ஸைத் தேடினேன். வார்டின் கோடியில்கூட யாரும் இல்லை.

"ஏண்டா, கேக்குதா?" அண்ணன் குனிந்தார். "இவ வேணும்னே பண்ணாளா? ஆமான்னா இடது கையைத் தூக்கு. போதும். மத்ததை நாங்க பாத்துக்கறோம்."

மாமா அத்தையையே பார்த்துக்கொண்டிருந்தார். சந்தில் பார்த்த அதே பார்வை. அத்தையும் பார்த்தாள். "இல்லைன்னு சொல்லுய்யா" என்று அவள் கேட்கவில்லை. கெஞ்சவில்லை. வாசலைப் பார்க்கவும் இல்லை.

மாமாவின் இடது கை மெதுவாகப் போர்வையை விட்டு மேலே வந்தது.

அது எங்கே போகிறது என்று பார்க்க அவர்கள் காத்திருக்கவில்லை. பட்டறைக்காரர் அத்தையின் கூந்தலைப் பிடித்துச் சுவரில் மோதினார். நான் அவர் கையைப் பிடித்தேன். முழங்கை என் மார்பில் பட்டு, அடுத்த கட்டிலின் மேல் போய் விழுந்தேன். அத்தையின் உதடு கிழிந்து ரத்தம் முகவாயில் ஒழுகியது. அண்ணன் அவள் கழுத்தில் கை வைத்தார்.

அப்போது மேசை மேலிருந்த எவர்சில்வர் தண்ணீர் ஜக்கு, தண்ணீரோடு, அண்ணனின் காதுப் பக்கம் வந்து மோதியது. அவர் கழுத்தை விட்டுவிட்டுத் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். மாமா தம்ளரையும் எறிந்தார். அது பட்டறைக்காரரின் மூக்கில் பட்டது. எறிய வேறொன்றும் இல்லாமல், அந்தக் கை மேசையைத் தடவித் தேடிக்கொண்டே இருந்தது. கம்பி கட்டிய தாடைக்குள்ளிருந்து உறுமல் வந்தது. வார்த்தை புரியவில்லை. இல்லை என்று சொல்கிறார் என்பது மட்டும் எல்லோருக்கும் புரிந்தது.

நர்ஸ் ஓடி வந்தாள். "இது ஆஸ்பத்திரியா சந்தைக்கடையா?" என்று கத்தினாள். அண்ணனின் காதில் பஞ்சை வைத்து அழுத்தினாள். அவர் மாமாவைப் பார்த்து, "எங்களையே அடிக்கறியேடா" என்றார். கோபமாக இல்லை, ஏதோ தொலைந்துபோன மாதிரி. பிறகு அத்தையிடம், "சரி, விடு. எங்க புத்திதான். அவன் சொல்லிட்டான். வீட்டுக்குக் கூட்டிட்டுப் போய் நல்லபடியாப் பாத்துக்க" என்றார்.

அத்தை முந்தானையால் உதட்டை ஒற்றிக்கொண்டு கட்டிலருகே வந்தாள். மாமாவின் இடது கையை எடுத்துப் போர்வைமேல் வைத்தாள். அதைக் கொஞ்ச நேரம் தன் கைக்குள் வைத்துக்கொண்டு நின்றாள். மாமாவின் கண்ணோரம் ஈரமாக இருந்தது.

"எனக்காக ஒருத்தனை அடிச்சிருக்கே. முதல் தடவை," என்றாள். "அதை மறக்க மாட்டேன். ஆனா இந்தக் கை வீட்டுக்கு வந்தா அடுத்து யார் மேல விழும்னு உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும்."

திரும்பி அண்ணனைப் பார்த்தாள்.

"நீங்க கூட்டிட்டுப் போங்க. உங்க தம்பிதானே. நான் வந்து பாத்துட்டுப் போறேன். வாரத்துக்கு ஒரு நாள் வேணா சோறு ஊட்டிட்டுப் போறேன். என் வீட்டுக்கு வேணாம்."

"புருஷனைப் படுக்கையில விட்டுட்டுப் போறவளா நீ?" என்றார் பட்டறைக்காரர் மூக்கைப் பிடித்துக்கொண்டே. "ஊர் என்ன பேசும்?"

"பேசட்டும். மைக் வேணும்னா நான் தர்றேன்."

மாமா ஏதோ சொல்ல முயன்றார். கம்பிக்குள்ளிருந்து காற்று மட்டும் வந்தது. அத்தை குனிந்து காதை அவர் வாயருகே வைத்துக் கேட்டாள். புரிந்ததா என்று தெரியவில்லை. நிமிர்ந்து, "ம்" என்றாள். பையை எடுத்துக்கொண்டு நடந்தாள். நான் பின்னால் போனேன்.

வீட்டுக்கு வந்ததும் அத்தை படுக்கவில்லை. உதட்டுக்கு மருந்துகூடப் போடவில்லை. கடைத்தெருவில் வாங்கிய புதுத் தாழ்ப்பாளையும் பூட்டையும் தரையில் வைத்துவிட்டு, சுத்தியலை எடுத்து, கதவிலிருந்த பழைய தாழ்ப்பாளை அடிக்க ஆரம்பித்தாள். அது துருப்பிடித்து மரத்தோடு ஊறிப்போயிருந்தது. ஓங்கி ஓங்கி அடித்தாள். கதவு அதிர்ந்தது, சுவரில் தொங்கிய கண்ணாடி ஆடியது, சுண்ணாம்பு உதிர்ந்தது. உளியை நான் பிடித்துக்கொண்டேன். அவள் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை.

கீழ் வீட்டு ஜன்னல் படாரென்று திறந்தது.

"பட்டப்பகல்ல மறுபடியும் ஆரம்பிச்சுட்டானா அந்தப் பாவி?" என்று கீழ் வீட்டுக்காரி கத்தினாள். "விடுடா அவளை! போலீஸைக் கூப்பிடுவேன்!"

அத்தை சுத்தியலைத் தாழ்த்தி, கைப்பிடிச் சுவருக்கு மேலாக எட்டிப் பார்த்தாள்.

"அவர் இல்லைக்கா," என்றாள். "இது நான்."